நீலச் சட்டை, சாம்பார் வாளி

கொச்சி மட்டாஞ்சேரி முத்தமிழ்ப் பேரவையின் மாதக் கூட்டத்தில் இணையதள அறிக்கைக்கு எப்போதும் கடைசி இடம். அதற்குள் வடை வந்துவிடும் என்பதால் அதை யாரும் காது கொடுத்துக் கேட்டதில்லை. இணைச் செயலாளர் சங்கரலிங்கம் எழுந்து, இந்த மாதம் நம் தளத்தை இத்தனை பேர் பார்த்தார்கள் என்று வாசிப்பார். தலைவர் "பேஷ்" என்பார். தட்டு சுற்றி வரும். ஜூன் மாதக் கூட்டத்தில்தான் அந்த ஒழுங்கு கெட்டது. மொத்தம் வந்தது அறுபத்து மூன்று தடவை, அதில் நாற்பத்தோரு தடவை ஒரே வரியைத் தேடி வந்திருக்கிறார்கள் என்று சங்கரலிங்கம் வாசித்தார். என்ன வரி என்று யாரும் கேட்கவில்லை. தாளில் இருந்ததால் அதையும் வாசித்துவிட்டார்.

"இடது ஓரம் நீலச் சட்டை சாம்பார் வாளி."

பத்தொன்பது உறுப்பினர்களில் அன்றைக்கு வந்திருந்த ஏழு பேரும் நிமிர்ந்தார்கள். கீழே அரிசிக் கோடவுனில் மூட்டை இறக்கும் சத்தம் ஒரு நிமிஷம் தெளிவாகக் கேட்டது.

தலைவர் அனந்தநாராயணன் கண்ணாடியைக் கழற்றினார். அவர் கண்ணாடியைக் கழற்றினால் கருத்து வரப்போகிறது என்று அர்த்தம். தேயிலைக் கம்பெனியில் மேனேஜராக இருந்து ஓய்வு பெற்ற பாலக்காட்டுக்காரர். 'செந்தமிழ்க் காவலர்' என்ற பட்டம் உண்டு. பட்டத்தைக் கொடுத்தது பேரவை. கொடுக்கும்படி பேரவைக்கு எடுத்துச் சொன்னது அவர். தமிழைக் காக்கும் அவருடைய மேடைப் பேச்சுகள் மலையாள எழுத்தில்தான் எழுதப்பட்டிருக்கும், ஏனென்றால் பள்ளிக்கூடத்தில் படித்தது அந்த எழுத்து. இதை எல்லாரும் அறிவார்கள். பேச்சு நன்றாக இருக்கும் என்பதால் யாரும் தாளை எட்டிப் பார்ப்பதில்லை.

"இது சாதாரண ஆள் தேடற மாதிரி இல்லையாக்கும்," என்றார். "நீலம், சாம்பார், இடது ஓரம். இதுல என்னமோ ஒரு ஆராய்ச்சி இருக்கு. வெளிநாட்டு யூனிவர்சிட்டிக்காரா இப்படித்தான் துண்டு துண்டாத் தேடுவா. ஜெர்மனியா இருக்கும்."

பொருளாளர் அல்தாஃப் ஹார்டுவேர் கடைக்காரர், எதையும் அளந்து பார்க்காமல் ஒப்புக்கொள்ளாதவர். "சாம்பாரத் தேடி ஜெர்மனிலேர்ந்து வருவானா தலைவரே?"

"ஏன் வரமாட்டான்? மிளகைத் தேடி வரலையோ?"

மட்டாஞ்சேரியில் உட்கார்ந்துகொண்டு இதற்கு மறுப்புச் சொல்ல யாராலும் முடியவில்லை. ஆகஸ்டில் வெள்ளிவிழா. மலரின் முதல் பக்கத்தில் 'உலக ஆய்வாளர்கள் நாடி வரும் பேரவை' என்று ஒரு வரி சேர்ப்பதென்றும், அதற்கு முன் அந்த ஆய்வாளர் யார் என்று கண்டறிய ஒரு நபர் விசாரணைக் குழு அமைப்பதென்றும் தீர்மானம் நிறைவேறியது. குழுவின் தலைவராகவும் உறுப்பினராகவும் சங்கரலிங்கம் நியமிக்கப்பட்டார். கப்பல் ஏஜென்ட் ஆபீசில் முப்பத்தாறு வருஷம் டைப்பிஸ்டாக இருந்தவர் என்பதால், விசை உள்ள எல்லாப் பொருளும் அவருக்குத் தெரியும் என்பது பேரவையின் நம்பிக்கை. இணையதளம் அவர் கைக்கு வந்ததும் அப்படித்தான்.

அவர் மனைவி, மகளின் பிரசவத்துக்காகத் திருப்பூர் போயிருந்தாள். மறுநாள் காலை, கஞ்சி குடித்த பாத்திரத்தைக் கழுவி வைத்துவிட்டு, சங்கரலிங்கம் கம்ப்யூட்டர் முன்னால் விசாரணையைத் தொடங்கினார். அந்த வரியை அப்படியே அடித்தார். முதலில் வந்தது பேரவையின் பக்கம்தான். நாலரை வருஷத்துக்கு முந்தைய பொங்கல் விழாப் படம். பந்தியில் தலைவர் கைகூப்பி நிற்கிறார். பக்கத்தில் ஒரு முன்னாள் கவுன்சிலர், ஒரு பல் டாக்டர், அல்தாஃப், பொன்னாடை, கடைசியில் தலைவரின் மைத்துனர். எல்லாருடைய முகத்திலும், படம் எடுக்கிறார்கள் என்பது நன்றாகத் தெரிந்த களை. இடது ஓரத்தில், பாதி வெட்டுப்பட்டு, நீலச் சட்டை போட்ட ஒருவன் வாளியோடு போய்க்கொண்டிருக்கிறான். அவன் மட்டும் கேமராவைப் பார்க்கவில்லை. படத்துக்கு வெளியே எதையோ பார்த்து வாய் நிறையச் சிரிக்கிறான். அந்தப் படத்தில் நிஜமாகச் சிரிப்பவன் அவன் ஒருத்தன்தான் என்பதைச் சங்கரலிங்கம் இப்போதுதான் கவனித்தார்.

படத்தின் கீழே இருந்த விளக்கம் அவரே அடித்தது. இடமிருந்து வலம் ஒருவர் பெயரும் விடக்கூடாது என்று தலைவர் கட்டளை. ஓரத்தில் இருப்பது யார் என்று அன்றைக்குக் கேட்டார். "விளம்பற ஆளாக்கும். எதையாவது போட்டுடும்" என்று பதில் வந்தது. எதையாவது போட்டார்: 'இடது ஓரம்: நீலச் சட்டையில், சாம்பார் வாளியுடன், விழா ஊழியர்.' பெயர் தெரியாத ஒருவனை ஒன்றும் விடாமல் எழுதிவிட்டதாக அப்போது சின்னத் திருப்திகூட இருந்தது.

அதற்குப் பின் புள்ளிவிவரப் பக்கத்தைத் திறந்து, தேடியவர் எங்கிருந்து வந்தார் என்று பார்த்தார். ஜெர்மனி இல்லை. கொச்சி. ஒரே ஒரு மொபைல் ஃபோன். ஞாயிறு தவிர எல்லா நாளும், பகல் ஒரு மணி சுமாருக்கு. சில நாள் ஒரு தடவை, சில நாள் மூன்று தடவை. சங்கரலிங்கம் கையை விசைப்பலகையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். ஆராய்ச்சிக்காரர்கள் இப்படிச் சாப்பாட்டு நேரத்துக்கு வந்து போக மாட்டார்கள்.

அந்தப் பொங்கலுக்குச் சமைத்தவர் செரளாயியில் சமையல் காண்டிராக்ட் எடுக்கும் செல்லப்பா. தென்காசிப் பக்கத்துக்காரர். அவருடைய கொட்டகைக்குப் போனபோது கல்யாண வீட்டுக்கு வெள்ளரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். சங்கரலிங்கம் ஃபோனில் படத்தைக் காட்டினார். செல்லப்பா கையைத் துடைத்துவிட்டு, விரலால் பெரிதாக்கிப் பார்த்தார்.

"வாளி என்னோடது அண்ணாச்சி. அடியில நசுங்கல் இருக்கு பாருங்க. இன்னும் வச்சிருக்கேன்."

"வாளி இருக்கட்டும். ஆளு?"

செல்லப்பா மறுபடி பார்த்தார். இந்தத் தடவை பெரிதாக்கவில்லை. "தங்கதுரைல்லா இது. ஏழு வருசம் நம்மகிட்ட நின்னான். கொரோனா ரெண்டாவது சுத்துல போயிட்டான். ஆஸ்பத்திரில கொண்டுபோய் விட்டதே நாந்தான். நடந்துதான் உள்ள போனான். எட்டாம் நாளு பிளாஸ்டிக்ல கெட்டி, நேரா சுடுகாட்டுக்கு. பேச்சி வாசல்லயே நின்னா பாவம், ஒருத்தனும் முகத்தக் காட்டல."

"பேச்சி?"

"அவன் பொண்டாட்டி. பஜார்ல சுக்குக் கோடவுன்ல வேல." செல்லப்பா வெள்ளரிக்காயைக் கையில் எடுத்தார். ஆனால் நறுக்கவில்லை. "சாம்பார்ல காயி எல்லா இலைக்கும் ஒண்ணுபோல விழணும்னு பாப்பான். அது எல்லாருக்கும் வராது."

அங்கிருந்து சுக்குக் கோடவுன் பத்து நிமிஷ நடை. ஒரு மணிக்குத் தேடுவது அவளாகத்தான் இருக்க வேண்டும் என்று தெரிந்தும் சங்கரலிங்கம் வீட்டுக்குப் போனார். செத்துப்போன ஒருவனைச் சட்டை நிறமும் வாளியுமாக எழுதி வைத்துவிட்டு, அவன் பெண்டாட்டி முன்னால் போய் என்ன முகத்தோடு நிற்பது. முதலில் தப்பைத் திருத்த வேண்டும், பிறகு ஆளைப் பார்க்கலாம் என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டார். ஆளைப் பார்ப்பதைவிடத் தப்பைத் திருத்துவது சுலபம் என்பதை மட்டும் சொல்லிக்கொள்ளவில்லை. கம்ப்யூட்டரைத் திறந்து, நீலச் சட்டையும் வாளியும் உள்ள வரியை முழுசாக அழித்தார். 'இடமிருந்து முதலாவது: அமரர் திரு. தங்கதுரை அவர்கள்' என்று அடித்தார். தலைவருக்குக்கூட ஒரு 'திரு'தான். 'அவர்கள்' கிடையாது. நாளை ஒரு மணிக்கு அவள் பக்கத்தைத் திறப்பாள், புருஷன் பெயர் மரியாதையோடு இருப்பதைப் பார்ப்பாள், யார் போட்டிருப்பார்கள் என்று ஒரு நிமிஷம் யோசிப்பாள். அந்த ஒரு நிமிஷத்தை நினைத்துக்கொண்டு அன்றைக்கு மத்தியானம் நன்றாகத் தூங்கினார்.

ஜூலைக் கூட்டத்தில் அறிக்கை வாசிக்கும்போது தளத்துக்கு வந்தவர்கள் மொத்தம் இருபத்தாறு. அந்த வரியைத் தேடி வந்தவர்கள் முதல் ஒரு வாரத்தோடு சரி. அதற்குப் பிறகு ஒருவரும் இல்லை.

"ஆய்வாளர் ஏன் நின்னுட்டார்?" தலைவர் முகத்தில் நிஜமான கவலை.

"அது ஆய்வாளர் இல்ல தலைவரே. உள்ளூர்தான்."

"உள்ளூர்க்காரா எதுக்காக இன்டர்நெட்டுல தேடணும்? நேரா இங்க வந்திருந்தா நானே சொல்லியிருப்பேனே."

என்ன சொல்லியிருப்பீர்கள் என்று சங்கரலிங்கம் கேட்கவில்லை. மலரின் முதல் பக்கம் ஏற்கெனவே அச்சுக்குப் போய்விட்டதாகவும், உலக ஆய்வாளர்கள் அதில் இருக்கிறார்கள் என்றும், இனி அவர்களை எடுத்தால் பக்கம் காலியாகத் தெரியும் என்றும் அல்தாஃப் தெரிவித்தார். விசாரணைக் குழு நன்றியுடன் கலைக்கப்பட்டது. சங்கரலிங்கத்துக்கு வடை இறங்கவில்லை. சொல்லிவைத்த மாதிரி ஒரு மணிக்கு வந்தவள், பெயர் போட்ட மூன்றாம் நாளோடு நின்றிருக்கிறாள். உடம்புக்கு ஏதாவதா. ஊருக்குப் போய்விட்டாளா. அதற்கு மேல் யோசிக்க அவருக்கே பயமாக இருந்தது.

மறுநாள் ஒரு மணிக்குப் பஜார் ரோட்டில் அந்தக் கோடவுனைக் கண்டுபிடித்தார். வாசலிலேயே காரம் மூக்கில் ஏறியது. உள்ளே முற்றத்தில் சுக்கு மலைபோலக் கிடந்தது. ஓரமாகப் பத்துப் பன்னிரண்டு பெண்கள், தலையிலும் மூக்கிலும் கட்டிய துணியைக் கழுத்துக்கு இறக்கிவிட்டு, சோற்றுப் பாத்திரத்தைத் திறந்து உட்கார்ந்திருந்தார்கள். எல்லாரும் தும்மலுக்குப் பழகியவர்கள். அவர் ஒருவர்தான் தும்மினார். ஒரு பெண் மட்டும் பாத்திரத்தைத் திறக்காமல், எல்லாருக்கும் முதுகைக் காட்டி, ஃபோனை வாய்க்கு நேராகப் பிடித்துக்கொண்டிருந்தாள். அந்தக் காலத்து டிரங்க் கால் ஆபரேட்டரிடம் நம்பர் சொல்வதுபோல ஒவ்வொரு வார்த்தையாக நிறுத்திச் சொன்னாள்.

"இடது ஓரம். நீலச் சட்டை. சாம்பார் வாளி."

பார்த்தாள். தலையை ஆட்டிக்கொண்டு மறுபடி சொன்னாள். பக்கத்தில் போனபோது திரை தெரிந்தது. எவர்சில்வர் வாளிகள், மூடியோடும் மூடி இல்லாமலும். அதற்குக் கீழே நீலச் சட்டைகள், ஒன்று வாங்கினால் ஒன்று இலவசம்.

சங்கரலிங்கத்துக்கு அந்த இடத்திலேயே எல்லாம் விளங்கிவிட்டது. விளங்கியதும் பக்கத்திலிருந்த சாக்கின்மேல் உட்கார்ந்தார்.

பேரவையிலிருந்து வருவதாக அவர் சொன்னதும் பேச்சி எழுந்து நின்றுவிட்டாள். ஃபோனை முந்தானைக்குள் மறைத்தாள். "அந்தப் போட்டாவப் பாக்கக் கூடாதா அண்ணாச்சி? தெரியாமப் பாத்துட்டேன். அதான் தேடுனா வராம ஆக்கிட்டீகளோ?"

"இல்லம்மா. அங்கதான் இருக்கு. நீ ஏன் அப்படிச் சொல்லித் தேடுற?"

பதில் சொன்னவள் பக்கத்தில் இருந்த ஷபானா. சலித்த சுக்கைத் தரம் பார்க்கும் சின்னப் பெண். மட்டாஞ்சேரியில் பிறந்து வளர்ந்தவள், தமிழும் மலையாளமும் ஒரே மூச்சில் வரும். "ஞான்தான் சாரே காட்டிக் கொடுத்தது. சங்கத்தோட ஃபோட்டோல அக்காவோட சேட்டன, வீட்டுக்காரர, ஒருநாள் பாத்தேன். எனக்குத் தமிழ் எழுத்து வாசிக்கத் தெரியாது, அக்காவுக்கு ஒரு எழுத்தும் தெரியாது. ஃபோனே வாசிச்சு, கீழ எழுதினது இன்னதுன்னு சொல்லிச்சு. அத அக்கா மனப்பாடம் பண்ணிட்டாங்க. மைக்க ஞெக்கிச் சொன்னா வரும். இப்ப ரெண்டு மூணு ஆழ்ச்சயா, வாரமா, அப்படிச் சொன்னா வரல."

"போட்டோவ ஃபோன்லயே எடுத்து வச்சிரலாமே."

"எடுத்து வச்சிருக்கு அண்ணாச்சி," என்றாள் பேச்சி. "இந்தா இருக்கு. இது எங்கிட்ட இருக்கது. அது..." சொல்லத் தெரியாமல் கையைத் தெருப் பக்கமாக நீட்டினாள். "அது, கூப்பிட்டா அவுக வாறது. சோறு திங்குறதுக்கு முன்னாடி ஒரு சத்தம் கொடுப்பேன், வருவாக. அன்னைக்கு இலை எடுக்கதுக்கு நானும் வந்திருந்தேன். நான் வழுக்கி விழப் பாத்தேன், அதுக்குத்தான் அந்தச் சிரிப்பு. என்னையத்தான் பாக்காக."

சங்கரலிங்கம் தொண்டையைச் செருமினார். சுக்கு ஒரு வசதி, எதற்கும் அதைக் காரணம் சொல்லலாம். "நான்தாம்மா மாத்தினேன். வாளி, சட்டைன்னு எழுதினது மனசுக்கு ஒப்பல. அழிச்சிட்டு அவர் பேரப் போட்டேன். இனிமே பேரச் சொல்லு, வரும்."

பெண்கள் கூட்டத்தில் யாரோ சிரித்து, உடனே அடக்கிக்கொண்டார்கள். பேச்சி தலையைக் குனிந்துகொண்டாள். அவள் காதோரம் சிவந்ததைப் பார்த்த பிறகுதான், தன் பெண்டாட்டி முப்பத்தெட்டு வருஷமாகத் தன்னை 'இந்தாங்க' என்று கூப்பிடுவது சங்கரலிங்கத்துக்கு ஞாபகம் வந்தது. ரேஷன் கடையில் புருஷன் பெயர் கேட்டால் அவள் பக்கத்து வீட்டுக்காரியைப் பார்ப்பாள், பக்கத்து வீட்டுக்காரி சொல்வாள். அவருக்குத் தெரியாத வழக்கம் இல்லை. திரு போட்டு, அவர்கள் போட்டு, அமரர் போட்ட மும்முரத்தில் நினைவுக்கு வராமல் போனது, அவ்வளவுதான்.

"உசுரோட இருக்கையில ஒருநாள் வாயால சொன்னதில்ல," என்றாள் பேச்சி. "ஆஸ்பத்திரி வாசல்ல கேட்டான். 'பேரு என்ன, பேரு என்ன'ன்னு. அன்னைக்கும் செல்லப்பண்ணந்தான் சொன்னாரு. இப்பப் போயி எப்படிச் சொல்லுவேன்?"

"ஷபானா சொல்லட்டுமே."

"அவ முன்னமே தானாச் சொல்லிப் பாத்துட்டா. வந்தது. நேத்துக்கூட வந்தது." பேச்சி சோற்றுப் பாத்திரத்தை ஓரமாகத் தள்ளினாள். "அது அவ கூப்பிட்டு வந்தது அண்ணாச்சி."

ஷபானா எழுந்து கை கழுவப் போனாள்.

"பழயபடி ஆக்கிடுறேன்," என்றார் சங்கரலிங்கம்.

வீட்டுக்கு வந்து கம்ப்யூட்டரைத் திறந்தவருக்குக் கை ஓடவில்லை. பெயரையும் வைத்துக்கொண்டு பழைய வரியையும் சேர்த்தால் என்ன என்று முதலில் தோன்றியது. ஆனால் அந்த யந்திரம் எந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு அவனைக் கொண்டுவந்து நிறுத்தியது என்று யாருக்குத் தெரியும். சட்டையா, வாளியா, இரண்டுக்கும் நடுவில் இருந்த கால்புள்ளியா. நல்லது செய்யப் போய் ஒரு தடவை ஆனது போதும். பழைய பிரதியை எடுத்துவைத்துப் பார்த்து, எழுத்துக்கு எழுத்து அப்படியே அடித்தார். 'அமரர்' போயிற்று. 'திரு' போயிற்று. 'அவர்கள்' போயிற்று. கடைசியாகப் பெயரின் மேல் வந்து விரல் நின்றது. ஐந்து எழுத்து. ஒவ்வொன்றாக அழித்துவிட்டு, அந்த இடத்தில் 'விழா ஊழியர்' என்று அடித்தார். முப்பத்தாறு வருஷ உத்தியோகத்தில் எத்தனையோ தப்பைத் திருத்தியிருக்கிறார். சரியாக இருந்ததை அழித்துத் தப்பை அடித்தது இதுவே முதல் தடவை.

மாற்றியது தேடலில் தெரிய நாலு நாளும் ஆகலாம், நாற்பது நாளும் ஆகலாம், தெரியாமலே போனாலும் போகலாம் என்று பிராட்வேயில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருக்கும் பையன் சொன்னான். சங்கரலிங்கம் தன் ஃபோனில் அந்த வரியைத் தேடிப் பார்க்கவில்லை. மைக்கை அழுத்தி, வாய் வரைக்கும் கொண்டுபோய், வைத்துவிட்டார். அவர் கூப்பிட்டு அவன் வந்துவிட்டால் அது என்ன கணக்கில் சேரும் என்று தெரியவில்லை.

ஆறாம் நாள் கோடவுனுக்குப் போனார். மழை கொட்டிக்கொண்டிருந்தது. வாசலில் படுதாவைக் கட்டியிருந்ததால் உள்ளே மத்தியானமே மங்கலாக இருந்தது. பெண்கள் பாத்திரத்தைத் திறந்துவைத்துவிட்டு யாரும் கை வைக்காமல் இருந்தார்கள். அன்றையிலிருந்து அவள் ஃபோனை எடுக்கவேயில்லை, அண்ணாச்சி வரட்டும் என்று சொல்லிவிட்டாள் என்றாள் ஷபானா, அவர் காதருகே.

"மாத்தியாச்சும்மா," என்றார் சங்கரலிங்கம். "வருமான்னு எனக்குத் தெரியாது."

பேச்சி சரி என்று தலையாட்டினாள். எழுந்து, தலையில் கட்டியிருந்த துணியை அவிழ்த்து இரண்டு தடவை உதறினாள். குழாயடியில் முகத்தைக் கழுவி, இமையில் ஒட்டியிருந்த சுக்குத் தூளை விரல் நுனியால் எடுத்தாள். ஈரக் கையால் முடியை இரண்டு பக்கமும் படிய ஒதுக்கி, சேலை மடிப்பை இழுத்துவிட்டுக்கொண்டாள். பிறகு எல்லாருக்கும் முதுகைக் காட்டி உட்கார்ந்து, ஃபோனை வாய்க்கு அருகில் கொண்டுபோனாள். மழைச் சத்தத்தில் அவள் சொன்னது யாருக்கும் கேட்கவில்லை. திரையின் வெள்ளை வெளிச்சம் மட்டும் அவள் கழுவிய முகத்தில் விழுந்தது. கண்ணைத் திறந்தபடி, அசையாமல் காத்திருந்தாள்.